கீழ்வீட்டில் ஒருவரும் இல்லை

எழுதத் தெரிந்தவர்கள் எழுதுகிற இடத்தில் நானும் வந்து உட்கார்ந்துகொண்டதைப் பொறுத்துக்கொள்ள வேண்டும். பன்னிரண்டாம் வகுப்போடு படிப்பை நிறுத்தியவள் நான். ரொறன்ரோவுக்குப் பக்கத்தில் மார்க்கம் என்கிற ஊரில் ஒரு பல் வைத்தியரின் நிலையத்தில் கருவிகளைக் கழுவி, அவித்து, அடுக்கி வைப்பது என் வேலை. ஆட்கள் கூடிய இடத்தில் நாலு வார்த்தை பேசச் சொன்னால் கைப்பையின் வாரைத் திருகிக்கொண்டு நிற்பேன். இதை வேறு யாராவது எழுதக்கூடும் என்றால் நான் பேனாவைத் தொட்டிருக்க மாட்டேன். ஆனால் அன்றைக்கு அந்த வீட்டில் தொலைபேசியை எடுத்தவள் நான் ஒருத்திதான்.

முதலில் நினைவுக்கு வருவது ஒரு மணம். நனைந்த தோல், காய்ந்தும் காயாத வியர்வை, ஈர ரப்பர், இரும்பு எல்லாம் சேர்ந்த மணம். ரொறன்ரோவில் வோபர்ன் என்கிற பகுதியில் நாங்கள் இருந்த வீட்டில், குளிர்காலத்தில் வீட்டைச் சூடாக்கும் இயந்திரம் கீழே உறுமத் தொடங்கியதும், என் அறைத் தரையில் இருந்த "வென்ற்" என்கிற இரும்புச் சல்லடை வழியாக வெக்கைக் காற்றோடு அது மேலே ஏறி வரும். வெள்ளிக்கிழமைகளில் அம்மா சாமிப் படத்துக்குச் சாம்பிராணி போட்டால் இரண்டும் கலந்து, பெயர் வைக்க முடியாத ஒரு புதுமணம் வீடு முழுக்க நிற்கும். "உது என்ன மணமப்பா, கீழை ஆர் மாடு கட்டி வைச்சிருக்கினம்?" என்று அம்மா மூக்கைப் பொத்திக்கொள்வார். மாடு இல்லை, அது பிரகீதா.

பிரகீதா என்பது அம்மாவின் வாயில் அமைந்த பெயர். உண்மைப் பெயர் பிர்கித்தா. சுவீடன் நாட்டுக்காரி, இருபத்துமூன்று வயது, எங்கள் "பேஸ்மென்ற்"றில், அதாவது நிலத்துக்குக் கீழே இருக்கிற கீழ்வீட்டில், வாடகைக்கு இருந்தார். பனிக்கட்டித் தளத்தில் ஐஸ் ஹொக்கி விளையாடுவதற்கென்றே கனடாவுக்கு வந்திருந்தார். விளையாடிவிட்டு வந்து அவர் கீழே காயப்போடுகிற கவசங்களின் மணம்தான் அது.

அது தொண்ணூறுகளின் பிற்பகுதி. நாங்கள் யாழ்ப்பாணத்திலிருந்து வந்து ஐந்தாறு வருடம் ஆகியிருந்தது. அப்பாவுக்கு இரவில் பாண் தொழிற்சாலையில் வேலை, அம்மாவுக்குப் பகலில் உடுப்புத் தைக்கும் இடத்தில் வேலை. அந்தக் காலத்தில் வீடு வாங்கிய எங்கள் ஆட்கள் எல்லாரையும் போல, கீழ்வீட்டை வாடகைக்கு விட்டால்தான் மேல்வீட்டில் நாங்கள் இருக்க முடியும். முதலில் நாலு பெடியள் இருந்தார்கள். அவர்கள் மொன்றியலுக்குப் போனதும் அப்பா பலசரக்குக் கடைப் பலகையில் தமிழிலும் பஸ் தரிப்பிடத்துக் கம்பத்தில் ஆங்கிலத்திலும் துண்டு ஒட்டினார். தமிழைப் பார்த்து ஒருவரும் வரவில்லை. ஆங்கிலத்தைப் பார்த்து, ஓர் ஆளை உள்ளே படுக்க வைக்கலாம் போன்ற பையைத் தோளில் போட்டுக்கொண்டு பிரகீதா வந்தார். நடந்து போகிற தூரத்தில் இருந்த, பனித்தளம் உள்ள அரீனாவில்தான் அவருடைய அணி பயிற்சி செய்தது; அதற்காகவே எங்கள் தெருவைத் தேடி வந்தாராம்.

அவர் கோல் காப்பவர். அந்த நாட்டின் வடக்கே, வருடத்தில் பாதி உறைந்து கிடக்கும் ஏரிக்கரை ஒன்றில் பிறந்தவர். மூத்த சகோதரர்கள் இருவருக்கும் பந்தடிக்க எதிரே ஓர் ஆள் தேவைப்பட்டதாம். வீட்டில் சின்னவள் இவர் என்பதால் கோலில் நிறுத்திவிட்டார்களாம். பதின்மூன்று வயது வரை ஊர்ப் பையன்களின் அணியில் விளையாடினார். பெண்ணுக்கென்று உடை மாற்றும் அறை இல்லாததால், தும்புத்தடியும் வாளிகளும் வைக்கிற அறைக்குள் நின்று உடுப்பு மாற்றிக்கொள்வாராம். பிறகு பெண்கள் அணி ஒன்று கிடைத்தது, ஆனால் பஸ்ஸில் இரண்டு மணி நேரம். பத்தொன்பது வயதில் நாட்டின் அணிக்குக் கூப்பிட்டார்கள். இரண்டு பயணம் கூடப் போய், மாற்று ஆளாக வாங்கில் உட்கார்ந்திருந்து, ஒரு நிமிடமும் பனியில் இறங்காமல் திரும்பி வந்தார். அடுத்த வருடம்தான் ஒலிம்பிக்கில் முதன்முதலாகப் பெண்களின் ஐஸ் ஹொக்கியைச் சேர்க்கப் போகிறார்கள். அதற்கு முன்பு, பலமாக அடிக்கிற பெண்களுக்கு எதிரே நின்று பழக வேண்டும் என்றுதான் ரொறன்ரோவுக்கு வந்தார். இங்கே அவருக்குச் சம்பளம் இல்லை. அணியில் இருப்பதற்கு இவர்தான் பணம் கட்டினார். பகலில் ஒரு வைத்தியர் வீட்டில் பிள்ளை பார்த்தார்.

இதை அப்பாவால் நம்பவே முடியவில்லை. "எங்கடை ஆக்கள் காசு குடுத்து வடை வாங்குவினம். உந்தப் பிள்ளை காசு குடுத்து அடி வாங்குது" என்று வருகிறவர்களுக்கெல்லாம் சொல்லிச் சிரிப்பார். அம்மாவுக்கு வேறு கவலை. "கலியாணம் முடிக்காத குமர்ப்பிள்ளை. மூக்கிலை ஒண்டு பட்டால் ஆர் பொறுப்பு?" என்பார். ஆனால் வெள்ளிக்கிழமைச் சோற்றில் ஒரு பங்கு கீழே போகத் தவறியதில்லை.

எனக்கு அப்போது பதினொரு வயது. பாடசாலையில் நான் பேசுவதில்லை. ஆங்கிலம் விளங்கும், வாயைத் திறந்தால்தான் வராது. ஆசிரியை கேள்வி கேட்டால் மேசையின் விளிம்பையே பார்த்துக்கொண்டிருப்பேன், அவரும் பாவம் என்று அடுத்த பிள்ளையிடம் போய்விடுவார். அப்படிப்பட்ட எனக்குப் பிரகீதா ஒரு வேலை தந்தார். வீட்டின் பக்கவாட்டுப் பாதையில் பனியை வழித்துவிட்டு, கராஜ் கதவுக்கு முன்னால் கையுறையும் தடியுமாக அவர் குந்தி நிற்க, நான் ஒரு வாளி நிறைய ரெனிஸ் பந்துகளை வைத்துக்கொண்டு ஒவ்வொன்றாக எறிய வேண்டும். வலது, இடது, கால்களுக்கு நடுவே, முகத்துக்கு நேரே. அதற்கு ஒரு வார்த்தையும் தேவையில்லை. முதல் நாள் பூ எறிவது போல எறிந்தேன். "என்மேல் கோபமாக இருப்பதாக நினைத்துக்கொண்டு எறி" என்றார். எனக்கு அவர்மேல் எப்படிக் கோபம் வரும்? வகுப்பில் என் பின்னால் இருந்து "ஊமை" என்று ஆங்கிலத்தில் கூப்பிடுகிறவளை நினைத்துக்கொண்டு எறிந்தேன். பந்து அவருடைய தோளைத் தாண்டிக் கதவில் போய்ப் படாரென்று அடித்தது. அவர் எழும்பி நின்று கை தட்டினார். எனக்காக ஒருவர் கை தட்டியது அதுதான் முதல் தடவை என்று நினைக்கிறேன்.

ஒரு ஞாயிற்றுக்கிழமை அம்மாவும் நானும் அவருடைய ஆட்டம் பார்க்கப் போனோம். பார்க்க வந்தவர்கள் முப்பது பேர் இருக்க மாட்டார்கள். அம்மா வீட்டில் இருந்த எல்லாச் சால்வைகளையும் போர்த்திக்கொண்டு, சுடுநீர்ப் போத்தலில் தேநீரோடு கோலுக்குப் பின்னால் கண்ணாடியோரம் உட்கார்ந்தார். கறுப்பு ரப்பர் வட்டு பறந்து வருகிற ஒவ்வொரு தடவையும் கண்ணைப் பொத்திக்கொண்டு, "ஐயோ, விடு பிள்ளை, ஒண்டு போனாப் போகட்டும்!" என்று தமிழில் கத்தினார். சுற்றியிருந்த வெள்ளைக்காரர்கள் அதை உற்சாகக் கூச்சல் என்று நினைத்து அம்மாவைப் பார்த்துப் பெருவிரலை உயர்த்தினார்கள். அன்று இரண்டு கோல் போயிற்று. அந்த இரண்டையும் பற்றிப் பிரகீதா கீழே தனக்குத்தானே தன் மொழியில் முணுமுணுத்துக்கொண்டு நடப்பது ஒரு கிழமையாக "வென்ற்" வழியாகக் கேட்டது. தடுத்த முப்பதைப் பற்றி அவர் ஒரு நாளும் பேசியதில்லை.

இனிச் சொல்ல வேண்டியதைச் சொல்கிறேன்.

எங்கள் தெருவில் கீழ்வீட்டை வாடகைக்கு விட்டவர்கள் ஒருவரும் நகரசபையில் அனுமதி எடுத்தவர்கள் இல்லை. தை மாதம் எதிர்வீட்டு அன்ரியின் பேஸ்மென்ற்றைப் பற்றி யாரோ அறிவித்துக்கொடுக்க, கோட்டுப் போட்ட ஒருவர் கையில் தாளோடு வந்தார். வாடகைக்கு இருந்தவர்களின் பெயர்களெல்லாம் அந்தத் தாளில் இருந்ததாம். மாதம் முடிய முன்னர் அங்கே இருந்த ஆறு பேரும் சட்டி பானையோடு வெளியே நின்றார்கள். அன்றிலிருந்து அப்பாவுக்கு நித்திரை இல்லை. தொலைபேசிக்குப் பக்கத்தில் என்னை நிறுத்தி வைத்து, பாடம் சொல்லித் தருவது போலச் சொல்லித் தந்தார்.

"ஆர் கேட்டாலும் கீழை ஒருத்தரும் இல்லை. பேர் சொல்லிக் கேட்டாலும் இல்லை. வாசல்லை வந்து நிண்டு கேட்டாலும் இல்லை. விளங்கிச்சோ?"

"ஓம் அப்பா."

பிறகு ஒத்திகை. அப்பா சோபாவின் மறுமுனையில் ரீவி ரிமோட்டைக் காதில் வைத்துக்கொண்டு, குரலைத் தடிப்பாக்கி, "ஹலோ! சிற்றி ஸ்பீக்கிங்! ஹூ இஸ் இன் த பேஸ்மென்ற்?" என்பார். நான், "நோ பேஸ்மென்ற். ஒன்லி ஃபமிலி" என்பேன். "சத்தமாச் சொல்லு. பயந்து சொன்னால் பிடிச்சுப்போடுவாங்கள்." திரும்பவும் சொல்வேன். அம்மா குசினியிலிருந்து, "சிற்றிக்கு உம்மடை குரல் மாதிரி இருந்தால் நானும் பயப்பிடமாட்டன்" என்று சிரிப்பார். பத்து நாள் இப்படிச் சொல்லிச் சொல்லி, தடக்காமல், மூச்சு வாங்காமல் நான் சொல்லக்கூடிய ஒரே ஆங்கிலம் அதுதான் என்று ஆயிற்று.

மாசி மாதம் ஒரு சனிக்கிழமை மத்தியானம். அம்மா மேலதிக வேலைக்குப் போய்விட்டார். அப்பா இரவு வேலை முடிந்து வந்து அறைக் கதவைச் சாத்திக்கொண்டு நித்திரை. பிரகீதா அரீனாவில். தொலைபேசி அடித்தது. எடுத்தேன். தூரத்தில் இருந்து வருகிற குரல், ஆண் குரல், வயதானது, நான் சொன்ன "ஹலோ" எனக்கே திரும்பிக் கேட்டது. அவர் பிரகீதாவின் முழுப்பெயரையும் சொல்லி, உங்கள் வீட்டின் கீழ்ப்பகுதியில்தானே வாடகைக்கு இருக்கிறார் என்று ஆங்கிலத்தில் கேட்டார். பெயர் சொல்லிக் கேட்கிறார்! அப்பா சொன்னது அப்படியே நடக்கிறது. மற்ற வார்த்தைகள் வருவதற்கு இடம் கொடாமல், "நோ பேஸ்மென்ற். ஒன்லி ஃபமிலி" என்றேன். அவர் ஏதோ சொல்லத் தொடங்கினார். நான் வைத்துவிட்டேன். உடனேயே திரும்ப அடித்தது. திரும்பவும் எடுத்து, முதல் தடவையைவிடச் சத்தமாக அதையே சொல்லிவிட்டு வைத்தேன். மூன்றாம் தடவை அடிக்கவில்லை.

வாய் தடக்கவில்லை. அந்தக் காலத்தில் எனக்கு வாய் தடக்காமல் நடந்த காரியம் அது ஒன்றுதான். அப்பா எழும்பியதும் போய்ச் சொன்னேன். "பேர் சொல்லிக் கேட்டவனோ?" என்று இரண்டு தரம் கேட்டார். பிறகு என் தலையைத் தடவி, "கெட்டிக்காரி. வீட்டைக் காப்பாத்திப்போட்டாய்" என்றார். அன்று பின்னேரம் எனக்கென்று ஒரு முழுப் பீட்சா வந்தது.

மறுநாள் ஞாயிறு. காலை பத்து மணிக்குப் பிரகீதா மேலே வந்தார். தலை வாரி, சுத்தமான உடுப்புப் போட்டு, விருந்துக்கு வந்தவர் போல இருந்தார். தொலைபேசிக்குப் பக்கத்தில் கொஞ்ச நேரம் இருக்கலாமா என்று கேட்டு, சோபாவின் நுனியில் உட்கார்ந்தார். கீழ்வீட்டில் தொலைபேசி இல்லை. எங்கள் இலக்கத்தைத்தான் ஊரில் கொடுத்திருந்தார். பதினொன்று ஆயிற்று, பன்னிரண்டு ஆயிற்று. அம்மா தேநீர் கொடுத்துவிட்டு என்னைப் பார்த்து, "ஆரின்ரை ரெலிபோன் கோல் பாத்துக்கொண்டிருக்கிறா எண்டு கேள் பிள்ளை" என்றார்.

எங்கள் வீட்டில் ஆங்கிலத்தைத் தமிழாக்குவது என் வேலை. பேசாத பிள்ளைக்கு எப்படியோ அந்த வேலை வாய்த்திருந்தது. கேட்டேன். பிரகீதா சொன்னார். நான் அம்மாவின் பக்கம் திரும்பிச் சொன்னேன்: "சுவீடன்ல இருந்து ஒரு ஆள் எடுப்பாராம். அணியை நடத்திறவர். நேற்று இல்லாட்டி இண்டைக்கு. பெரிய பயிற்சிக்குக் கூப்பிடுற ஆக்களுக்கு மட்டும்தானாம் எடுக்கிறது. மற்றப் பிள்ளையள் எல்லாருக்கும்..." அந்த இடத்தில் என் வாய் நின்றுவிட்டது. நான் சொல்லிக்கொண்டிருப்பது என்ன என்று எனக்கு அப்போதுதான் விளங்கியது.

"எல்லாருக்கும் என்னவாம்?" என்றார் அம்மா.

"எல்லாருக்கும் வந்திட்டுதாம்."

அம்மா பிரகீதாவின் தோளில் கையை வைத்தார். "கட்டாயம் வரும் எண்டு சொல்லு பிள்ளை." அதையும் நான் ஆங்கிலத்தில் சொன்னேன். கட்டாயம் வரும் என்று அம்மா சொல்கிறார் என்று, அவருடைய முகத்தைப் பார்த்து, நானே சொன்னேன். அவர் மூன்று மணி வரை இருந்துவிட்டு, கோப்பையைக் கழுவி வைத்துவிட்டுக் கீழே போனார்.

ஏன் அன்றே சொல்லவில்லை என்று என்னை நானே கேட்காத வருடம் இல்லை. பயம் இருந்தது, அது உண்மை. ஆனால் இரண்டு நாள் கழித்து, பக்கவாட்டுப் பாதையில் பந்து எறிந்துகொண்டிருந்தபோது பிரகீதா, "கூப்பிடாதவரைக் கூப்பிட்டு ஏன் என்னைக் கூப்பிடவில்லை என்று கேட்க முடியாது. பரவாயில்லை. அடுத்த வருடமும் இங்கேயே இருக்கிறேன், உன் பந்துகளைப் பிடித்துக்கொண்டு" என்றார். அதைக் கேட்டதும் எனக்குள் எழும்பியது பயம் இல்லை. சந்தோஷம். அடுத்த வருடமும் இங்கேயே. அந்த நிமிடத்திலிருந்து அது சின்னப்பிள்ளையின் பிழையாக இருக்கவில்லை, களவாக மாறிவிட்டது. வாளியில் இருந்த பந்தையெல்லாம் அன்று நன்றாக எறிந்தேன்.

சந்தோஷம் ஒரு கிழமைகூட நிற்கவில்லை. பிரகீதா பயிற்சிக்குப் போவதைக் குறைத்தார். வேலை, வீடு, படுக்கை. "வென்ற்" வழியாக முணுமுணுப்பு வரவில்லை. மணமும் வரவில்லை, இயந்திரம் உறுமும், வெறும் வெக்கைக் காற்று வரும். அம்மா ஒரு நாள் சோறு வடித்துக்கொண்டு, "உவள் பிரகீதா இப்ப விளையாடப் போறேல்லைப் போலை. மணமே இல்லை. மனசுக்கு ஒரு மாதிரிக் கிடக்கு" என்றார். அடுத்த சனிக்கிழமை காலை, சொல்ல வேண்டியதை ஆங்கிலத்தில் கொப்பித்தாளில் எழுதி, மடித்துக் கையில் வைத்துக்கொண்டு கீழே இறங்கினேன்.

அவர் கட்டிலில் உட்கார்ந்து தடியில் சுற்றியிருந்த நாடாவை உரித்துக்கொண்டிருந்தார். தாளைக் கொடுக்கத்தான் போனேன். கொடுக்காமல் வாயால் சொன்னேன். ஒருவர் எடுத்தார், உங்கள் பெயரைக் கேட்டார், இல்லையென்று சொன்னேன், இரண்டு தரம். அவர் நாடாவைக் கையில் சுருட்டியபடி, "எந்தச் சனிக்கிழமை?" என்றார். சொன்னேன். "பதினாலு நாள்" என்றார். பிறகு கேட்டார்: "ஏன் முன்னமே சொல்லவில்லை?"

"அப்பாவை நகரசபை பிடித்துவிடும் என்று பயந்தேன்" என்றேன். அது பாதி. மற்றப் பாதியைச் சொல்லவில்லை. நீங்கள் போகக்கூடாது என்றுதான், என்று சொல்லியிருக்கலாம். ஆங்கிலத்தில் அது ஒன்றும் கடினமான வசனம் இல்லை.

அவர் நாடாவைக் கட்டிலில் போட்டார். எழும்பி, என்னைக் கடந்து, படி ஏறி மேலே போனார். அப்பா மேசையில் பாணும் சம்பலும் சாப்பிட்டுக்கொண்டிருந்தார். நான் பின்னால் வந்து அழுதழுது தமிழில் சொல்லி முடிக்கவும் இல்லை, அப்பா சம்பல் கையோடு எழும்பி, சட்டைப் பையில் இருந்து ஊருக்குப் பேசுகிற "கோலிங் காட்"டை இடது கையால் எடுத்து, இலக்கங்களை ஒவ்வொன்றாகத் தானே அழுத்தி, தொலைபேசியைப் பிரகீதாவிடம் நீட்டினார்.

அவர் பேசியது எங்களுக்கு விளங்கவில்லை. அவர்களுடைய ஆட்கள் "யா" என்று சொல்லும்போது மூச்சை உள்ளே இழுத்துக்கொண்டு சொல்கிற ஒரு வழக்கம் இருக்கிறது, திடுக்கிட்டவர் போல. அந்த "யா" பத்துப் பதினைந்து தரம் கேட்டது. அம்மாவும் குசினியிலிருந்து வர, நாங்கள் மூவரும் சுவரோடு நின்றோம். வைத்துவிட்டு என்னிடம் சொன்னார், நான் அப்பா அம்மாவுக்குத் தமிழில் சொன்னேன். மூன்றாவது கோல் காப்பவரின் இடத்தை வேறொரு பெண்ணுக்குக் கொடுத்துவிட்டார்கள். பங்குனியில் இன்னொரு பயிற்சி இருக்கிறது, அதற்கு வந்து காட்டினால் பார்க்கலாம், வாக்குத் தர முடியாது. அதற்கு உடனே புறப்பட வேண்டும்.

"எங்களை மன்னிக்கச் சொல்லு பிள்ளை" என்றார் அப்பா. அவர் ஒருவரிடமும் அப்படிக் கேட்டு நான் பார்த்ததில்லை. சொன்னேன். பிரகீதா இல்லை இல்லை என்று தலையை ஆட்டிவிட்டு, அழுதாரா சிரித்தாரா என்று தெரியாமல், "நான் தடியில் நாடா சுற்ற வேண்டும்" என்று கீழே போனார்.

ஒரு கிழமையில் போய்விட்டார். அப்பாவே காரில் விமான நிலையத்துக்குக் கொண்டுபோனார். பை பின்பக்கத்தில் அடங்காமல், பின்கதவைக் கயிற்றால் கட்டி, குளிர் முழுக்க உள்ளே வர, நாங்கள் எல்லாரும் போனோம். அம்மா பருத்தித்துறை வடை சுட்டு ஒரு பெரிய பேணியில் போட்டுக் கொடுத்தார். "அடி வாங்கிற பிள்ளை, கவனமாப் போ" என்றார் அப்பா, தமிழில். மொழிபெயர்க்கச் சொல்லி ஒருவரும் கேட்கவில்லை. என் முறை வந்தபோது அவர் குனிந்து கட்டிப்பிடித்தார். சொல்ல வேண்டிய மற்றப் பாதியை அப்போதும் சொல்லவில்லை. கதவு திறந்து மூடியது.

மூன்று போஸ்ட்காட் வந்தன. முதலாவது, பங்குனிப் பயிற்சியில் நன்றாக நின்றேன் என்று. இரண்டாவது, கோடையில்: "என்னை எடுக்கவில்லை. மற்றப் பெண் என்னைவிடக் கெட்டிக்காரி. தொலைபேசியால் அல்ல. இதை நீ நம்ப வேண்டும்." நம்பினேனா என்று கேட்டால் எனக்குத் தெரியாது. உண்மையைச் சொல்கிறவர்களும் அப்படித்தான் எழுதுவார்கள், இரக்கமுள்ளவர்களும் அப்படித்தான் எழுதுவார்கள். ஒலிம்பிக் வந்தபோது பாடசாலை விட்டு ஓடிவந்து, மறு ஒளிபரப்பில் சுவீடன் பெண்களின் ஆட்டத்தைப் பார்த்தேன். கோலில் நின்றவரின் முகம் முகமூடிக்குள் இருந்தது. அது பிரகீதா இல்லை என்று தெரிந்தும், கம்பிகளுக்குப் பின்னால் அவரைத்தான் வைத்துப் பார்த்தேன். மூன்றாவது காட் இரண்டு வருடம் கழித்து வந்தது. சொந்த ஊர் அணியில் நிற்பதாகவும், பகலில் பாலர் பள்ளியில் வேலை என்றும், உடை மாற்றும் அறை ஒன்று பெண்களுக்கென்று கட்டியிருக்கிறார்கள் என்றும் எழுதியிருந்தார். பிறகு நாங்கள் வீட்டை விற்று மார்க்கத்துக்கு வந்தோம். விலாசம் மாறியதை அறிவிக்க நினைத்து, இன்று நாளை என்று விட்டுவிட்டேன்.

போன மாதம் எங்கள் நிலையத்துக்கு ஒரு தமிழ்ப் பிள்ளை, பன்னிரண்டு வயது, தாயோடு வந்தாள். ஹொக்கி விளையாடும்போது போடுகிற பல்லுக் காப்பு செய்ய அச்சு எடுக்க வேண்டும். "ஐம் த கோலி, அன்ரி. கோல் காக்கிறது நான்தான். எல்லாரும் எனக்குத்தான் அடிப்பினம்" என்று, வாய்க்குள் அச்சு மாவோடு, பெருமையாகச் சொன்னாள். தாய் தலையில் அடித்துக்கொண்டார். நான் கழுவ எடுத்த கருவியைக் கையில் வைத்துக்கொண்டே நின்றிருக்கிறேன். வைத்தியர் இரண்டு தரம் கூப்பிட்ட பிறகுதான் கேட்டது.

அன்று வேலை முடிந்து, காரணம் இல்லாமல் வோபர்னுக்குப் போனேன். எங்கள் வீடு இல்லை. அதை இடித்துவிட்டு, முன்பக்கம் தூண் வைத்த இரண்டு மாடி வீடு ஒன்று கட்டியிருக்கிறார்கள். பக்கவாட்டுப் பாதை நின்ற இடத்தில் சுவர் எழும்பியிருக்கிறது. எதிர்வீட்டு அன்ரி இறந்து பல வருடம். அந்தப் பலசரக்குக் கடை இல்லை, துண்டு ஒட்டுகிற பலகை இல்லை, சுரண்டிப் பேசுகிற "காட்" இல்லை, அடித்தால் யார் என்று தெரியாமல் எடுக்கிற தொலைபேசியும் இல்லை. கீழ்வீடுகளை இப்போது அனுமதியோடு, வாசலில் தனி இலக்கம் போட்டு வாடகைக்கு விடுகிறார்கள்.

வீட்டுக்கு வந்து, சாப்பிடும்போது வோபர்னுக்குப் போனதை அப்பாவிடம் சொன்னேன். அப்பாவுக்கு எழுபத்தாறு வயது. அம்மாவோடு என்னுடன்தான் இருக்கிறார். மற்றப் பாதியையும் சொன்னேன்: பயத்தால் மட்டும் இல்லை, பிரகீதா போகக்கூடாது என்றுதான் பேசாமல் இருந்தேன் என்று. அப்பா சோற்றைப் பிசைந்துகொண்டே இருந்தார்.

"நானும் ஒண்டு சொல்லவேணும் பிள்ளை" என்றார். "அவள் எனக்கு முதலே சொன்னவள், சுவீடன்ல இருந்து ஒரு ரெலிபோன் கோல் வரும், எடுத்துக் கேட்டு வையுங்கோ எண்டு. நான்தான் உனக்குச் சொல்ல மறந்துபோனன். ஞாயிற்றுக்கிழமை அம்மா வந்து சொல்லேக்கையே எனக்கு விளங்கிப்போச்சு."

"பிறகேன் அப்பா சொல்லேல்லை?"

"திரும்ப எடுப்பாங்கள் எண்டு நினைச்சன்." பிறகு, "அவளும் போனால் கீழை ஆரை வைச்சிருக்கிறது எண்டும் நினைச்சன்" என்றார்.

அம்மா இரண்டு பேருக்கும் குழம்பு விட்டார்.

மறுநாள் காலை நான் வேலைக்குச் சப்பாத்துப் போட்டுக்கொண்டிருக்கும்போது அப்பா வந்து, பிரகீதாவின் விலாசம் இருக்கிறதா என்று கேட்டார். போஸ்ட்காட்டுகள் வீடு மாறும்போது தொலைந்துவிட்டன என்றேன். பெயரைக் கொண்டு தேடியும் பார்த்துவிட்டேன், அந்தப் பெயரில் அங்கே நிறையப் பேர் இருக்கிறார்கள் என்றேன். சரி என்று சொல்லிவிட்டு அவர் மருந்து குடிக்கப் போனார்.